டைட்டனுக்கு ஒரு ஆள்

இது இனிமேல் நடக்கப்போகிற கதை. நடந்து முடிந்த மாதிரியே சொல்கிறேன். கேட்கிறவர்களுக்கு அதுதான் வசதி.

திருச்செந்தூருக்கு மேற்கே, கண்ணுக்கு எட்டிய தூரம் செம்மணல் கிடக்கும் தேரிக்காட்டில் ஒரு வீடு கட்டியிருந்தார்கள். ஜன்னல் கிடையாது. கதவைத் திறந்தால் இன்னொரு கதவு. வேறு உலகங்களில் குடியேறப் போகிறவர்கள் அங்கே வந்து தங்கி, பூமியில் இருந்துகொண்டே பூமியில் இல்லாமல் இருக்கப் பழகினார்கள்.

பழக்கிக் கொடுத்தவர் பெயர் கொரட்டி. மணப்பாட்டுக்காரர். தென்துருவத்துப் பனியில் ஒரு சின்ன நிலையத்தில் இரண்டு குளிர்காலம் தனியாகக் கழித்துவிட்டுத் திரும்பியவர். நாற்பது வயதுதான். முதலில் கேலியாகத்தான் அவரை ஆசான் என்று கூப்பிட்டார்கள். போகப் போகக் கேலி உதிர்ந்துவிட்டது, பெயர் மட்டும் நின்றது.

சீடர்களில் மூத்தவர் இசக்கியப்பன். ஆசானைவிடப் பதினைந்து வயது பெரியவர். கல்லையும் மண்ணையும் படித்தவர். ஆசான் அவரை அண்ணாச்சி என்பார். அவர் ஆசானே என்பார். இதில் யார் பெரியவர் என்ற குழப்பம் பார்க்கிறவர்களுக்குத்தான் வந்தது. அவர்கள் இருவருக்கும் வந்ததில்லை.

பழகி முடித்ததும் எந்தக் கப்பலில் போவது என்று எல்லோரும் பெயர் கொடுக்க வேண்டும். நிலாவுக்கு ஒரு கப்பல், செவ்வாய்க்கு ஒரு கப்பல், சனிக் கிரகத்தின் பெரிய நிலாவான டைட்டனுக்கு ஒரு கப்பல். டைட்டனுக்குப் போகிறவர்கள் திரும்பி வரமாட்டார்கள். அதனால் அதை ஒருவரும் கேட்கவில்லை, இசக்கியப்பனைத் தவிர. அவர் முதலில் பெயர் கொடுத்தால் அவரைப் பார்த்து இன்னும் நாலு பேர் கொடுப்பார்கள் என்று பேச்சு இருந்தது.

பெயர் கொடுப்பதற்கு முந்தின நாள் காலையில், கருப்பட்டிக் காப்பி குடிக்கும்போது இசக்கியப்பன் கேட்டார்.

“ஆசானே, மனுஷன் போயிக் குடியேறணும்னா எல்லாத்துலயும் சுலபமான உலகம் எது?”

“முப்பது வருஷமா நீங்கதான் படிக்கிய. நீங்களே சொல்லுங்க.”

இசக்கியப்பனுக்கு வேண்டியதும் அதுதான். தம்ளரைக் கீழே வைத்தார்.

“நிலா பக்கத்துல இருக்கு. அது ஒண்ணுதான் அதுகிட்ட நல்லது. காத்து கிடையாது. ரெண்டு வாரம் பகல், ரெண்டு வாரம் ராத்திரி. தூசி கண்ணாடித் தூள் மாதிரி உள்ள போயி நெஞ்சை அறுக்கும்.”

“செவ்வாய்?”

“பகலும் ராத்திரியும் நம்மூர் அளவுதான். ஐஸ் கிடைக்கும். ஆனா காத்து பேருக்குத்தான் இருக்கு. மண்ணு பூரா விஷ உப்பு. அதுல கீரை போட்டா, கீரையும் போச்சு, தின்னவனும் போனான்.”

“வெள்ளி?”

“தரையில ஈயம் உருகும். ரொம்ப மேல, மேகத்துக்குள்ள பலூன் கட்டித் தொங்கலாம். அந்த உயரத்துல சூடு நமக்கு ஒத்துக்கிடும். ஆனா கீழ காலை வைக்க முடியாது. காலை வைக்காம என்ன குடித்தனம்?”

“வியாழனோட நிலாக்கள்?”

“கிட்ட இருக்கிறதுலாம் கதிர்வீச்சுல பொசுங்கிரும். தள்ளிக் கிடக்கிற காலிஸ்டோ பரவாயில்ல. அங்கயும் மூச்சு விடக் காத்து இல்ல.”

“அப்போ டைட்டன்.”

“டைட்டன்தான் ஆசானே.” அவர் குரல் இறங்கிவிட்டது. பெண் பார்த்துவிட்டு வந்தவர் பேசுவதுபோல் பேசினார். “அங்க காத்து நம்ம காத்தைவிடக் கனம். உடம்பை இறுக்கிக் கட்டுற உடுப்பு வேண்டாம். குளிருக்குத் தடிமனாப் போத்திக்கிட்டு, மூச்சுக்கு ஒரு முகமூடியை மாட்டினா வெளியில நடக்கலாம். கையில இறக்கை கட்டினாப் பறக்கலாம். ஆறு இருக்கு. ஏரி இருக்கு. மழை பெய்யுது.”

“தண்ணியா?”

“தண்ணி இல்ல. கேஸ் மாதிரி ஒண்ணு, குளிர்ல தண்ணி மாதிரி ஆகிப் பெய்யும். மெதுவா விழும். பஞ்சு இறங்குற மாதிரி. போய்ச் சேருறதுதான் கஷ்டம், ஏழு வருஷம் ஆகும். சேர்ந்துட்டா அதைப் போலச் சுலபமான இடம் கிடையாது.”

ஆசான் தன் காப்பியைக் குடித்து முடித்தார்.

“வீட்டுல என்ன சொன்னாங்க?”

“உங்க இஷ்டம்னுட்டா. அவ எப்பவும் எனக்குக் குறுக்க நிக்க மாட்டா.” இதைச் சொல்லும்போது அவருக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

வீடு என்பது சங்கரன்கோவிலில் இருந்தது. அதில் அவர் மனைவி சொர்ணம் இருந்தாள். பிள்ளைகள் இல்லை. இசக்கியப்பன் பாலைவனம், பனிமலை, நடுக்கடல் எண்ணெய்க் கிணறு என்று போய்க்கொண்டே இருந்தவர். வருஷத்தில் ஒரு மாதம் வீட்டுக்கு வருவார். வந்தால் சொர்ணம் பெட்டியிலிருந்து புதுத் துண்டு எடுத்துக் கொடுப்பாள். விருந்தாளிக்குக் கொடுக்கிற துண்டு அது. அவர் அதை மரியாதை என்றே நினைத்திருந்தார்.

“தாமத அறைக்கு வாங்க, அண்ணாச்சி,” என்றார் ஆசான்.

தாமத அறையில் ஒரு மேசையும் ஒரு தொலைபேசியும் இருந்தன. அந்தத் தொலைபேசி நாம் பேசுவதை உடனே அனுப்பாது. எந்த உலகத்திலிருந்து பேசுவதாகப் பாவனையோ, அங்கிருந்து பூமிக்குச் சொல் வந்துசேர எவ்வளவு நேரம் ஆகுமோ, அவ்வளவு நேரம் பிடித்து வைத்துவிட்டுத்தான் விடும். பதிலையும் அப்படியே பிடித்து வைத்துத்தான் கொடுக்கும். வீட்டில் இருப்பவர்களுக்கும் இதைச் சொல்லியிருந்தார்கள். பேசி முடித்தவர் ‘முடிச்சிட்டேன்’ என்று சொல்ல வேண்டும்.

அங்கே பழகியவர்களிடம் ஒரு வித்தை இருந்தது. அதற்கு முன்பதில் என்று பெயர் வைத்திருந்தார்கள். கேள்வி போய்ப் பதில் வருவதற்குள் பொழுது போய்விடும் அல்லவா? அதனால் எதிராளி என்ன கேட்பார் என்று முதலிலேயே யோசித்து, கேட்பதற்கு முன்னால் எல்லாவற்றுக்கும் பதில் சொல்லிவிடுவது. இதில் இசக்கியப்பனை அடிக்க ஆள் இல்லை. புதிதாக வருகிறவர்களுக்கு அவர் பேச்சைத்தான் போட்டுக் காட்டுவார்கள்.

“முதல்ல டைட்டன்ல இருந்து பேசுங்க,” என்றார் ஆசான்.

இசக்கியப்பன் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

“சொர்ணம், நான் நல்லா இருக்கேன். இட்லி சாப்பிட்டாச்சு. மாத்திரை போட்டுட்டேன். முட்டுவலி இல்ல. மோட்டார் ஓடலைன்னா முத்தையாகிட்டச் சொல்லு, அவன் நம்பர் காலண்டருக்குப் பின்னால இருக்கு. கரண்ட் பில்லு நான் கட்டிட்டேன். எப்ப வருவியன்னு கேப்ப, அதை இப்ப சொல்ல முடியாது. நீ ஒண்ணும் கவலைப்படாத. முடிச்சிட்டேன்.”

சொல் போய்ச் சேர ஒரு மணி நேரத்துக்கு மேல். திரும்பி வர அதே அளவு. இருவரும் வெளியே போய்க் காற்று வடிகட்டியைக் கழற்றிக் கழுவினார்கள். மதியச் சாப்பாட்டுக்கு மணி அடிக்கும் நேரத்தில் பதில் வந்தது.

“சரிங்க. முடிச்சிட்டேன்.”

“அவ்வளவுதானா?” என்றார் ஆசான்.

“வேற என்ன வேணும்? அவ கேக்க நெனச்ச எல்லாத்துக்கும் நான்தான் பதில் சொல்லிட்டேன்லா. எங்களுக்குப் பழக்கம் ஆசானே. டைட்டன்ல இருந்து பேசினா எங்க ரெண்டு பேருக்கும் வித்தியாசமே தெரியாது.”

ஆசான் சாப்பிடக் கூப்பிட்டார்.

சாப்பிட்டுவிட்டு இசக்கியப்பன் செவ்வாயிலிருந்து பேசினார். அதே பேச்சுதான், இட்லிக்குப் பதில் சாம்பார் சாதம். அரை மணி கழித்துப் பதில் வந்தது.

“சரிங்க. நீங்க பேசிக்கிட்டு இருக்கும்போது பால்காரர் மணி அடிச்சாரு. நடுவுல கொஞ்சம் கேக்கல. பரவாயில்ல. நல்லா இருங்க. முடிச்சிட்டேன்.”

“திரும்பச் சொல்லுதியளா?” என்று கேட்டார் ஆசான்.

“எதுக்கு? எப்பவும் சொல்லுறதுதான்.”

சொல்லிவிட்டாரே தவிர, அவர் முகம் கொஞ்சம் சுருங்கித்தான் போயிருந்தது. ஆசான் அதைக் கவனித்த மாதிரி காட்டிக்கொள்ளவில்லை.

சாயங்காலம் நிலாவிலிருந்து பேச வேண்டும். நிலாவுக்குத் தாமதம் மிகக் குறைவு. ஒரு சொல் போய்ச் சேர ஒரு மூச்சு இழுக்கும் நேரம்தான். இதற்குப் போய்ப் பழக்கம் எதற்கு என்று எல்லோரும் அலட்சியமாகத்தான் நினைப்பார்கள். இசக்கியப்பனும் அப்படியே நினைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

“சொர்ணம், நான் நல்லா இருக்கேன். சாப்பிட்டாச்சு. மாத்திரை போட்டுட்டேன். மோட்டாருக்கு முத்தையாகிட்ட...”

“நான் ஒண்ணும் கேக்கலியே.”

இசக்கியப்பன் நிறுத்தினார். “என்ன?” என்றார். அதே நேரத்தில் அவள் “அலோ” என்றாள். இரண்டும் நடுவழியில் மோதிக்கொண்டன. இருவரும் பேச்சை நிறுத்தினார்கள். பிறகு இருவரும் ஒரே நேரத்தில் தொடங்கினார்கள்.

“நீ சொல்லு.”

“நீங்க சொல்லுங்க.”

“சரி, நீயே சொல்லு.”

“மாடி ரூமை வாடகைக்கு விடப்போறேன்,” என்றாள் சொர்ணம்.

“எந்த ரூமை?”

“உங்க கல்லு இருந்த ரூமைத்தான். ஒரு நர்ஸ் பிள்ளை கேட்டுருக்கு.”

“இருந்த ரூமா? கல்லையெல்லாம் என்ன செஞ்ச?”

“கொல்லையில வேப்பமரத்துக்குக் கீழ வச்சிருக்கேன்.”

“மழையிலயா?”

“கல்லு மழையில கரைஞ்சா போயிரும்?”

அவருக்கு ரத்தம் தலைக்கு ஏறியது. “அதெல்லாம் எங்கெங்க இருந்து கொண்டு வந்தது தெரியுமா? யாரைக் கேட்டு எடுத்த?”

“யாரைக் கேக்கட்டும்?”

“என்னையக் கேக்கணும்!”

“கேக்க விட்டாத்தான!” என்று கத்தினாள் சொர்ணம். அவள் கத்தி அவர் கேட்டதே இல்லை. “நான் வாயைத் திறக்கிறதுக்கு முன்னால எல்லாத்துக்கும் பதில் சொல்லி முடிச்சிருதிய. அதுக்கு மேல நான் என்ன சொல்ல? சரிங்கன்னு சொல்லுவேன். அதைச் சொல்லிச் சொல்லியே எனக்கு வயசாயிட்டு.”

“இப்ப எதுக்கு ரூமை விடணும்? பணம் பத்தலையா?”

“பணத்துக்கா விடுதேன்? வீட்டுல ஒரு சத்தம் வேணும். அந்தப் பிள்ளை குழாயைத் திறந்து மூடினாலாவது ஒரு சத்தம் கேக்கும்லா.”

அவர் ஏதோ சொல்ல வந்தார். அதற்குள் அவள் அடுத்ததைச் சொல்லிவிட்டாள்.

“ஒரு ஆளுக்கு மட்டும் சோறு வடிச்சிப் பாத்திருக்கியளா? ஆழாக்கு அரிசி போட்டாலும் மிஞ்சுது. போன தடவை நீங்க வந்தப்ப அரிசியைக் கையில வச்சிக்கிட்டு அடுப்பங்கரையில நின்னேன். நீங்க எவ்வளவு சாப்பிடுவியன்னு எனக்கு மறந்துபோச்சு. கேக்கவும் வெக்கமா இருந்துச்சு. எவ்வளவு சாப்பிடுவிய?”

இதற்கு இசக்கியப்பனிடம் முன்பதில் இல்லை. பின்பதிலும் இல்லை. நிலாவின் தாமதம் முடிந்து, அதன்மேல் இன்னொரு தாமதம் ஓடியது.

“லைன் போயிட்டா?” என்றாள் சொர்ணம்.

“இல்ல.”

“இருக்கியளா?”

“இருக்கேன்.”

“சரி, வைக்கேன்,” என்றாள்.

தாமத அறையிலிருந்து வெளியே வந்தபோது அவர் சட்டை முதுகில் ஒட்டிக் கிடந்தது. ஆசான் வெளிக்கதவைத் திறந்து மணலில் உட்கார்ந்திருந்தார். இசக்கியப்பன் பக்கத்தில் போய் நின்றார்.

“நிலாவுல மனுஷன் இருக்க முடியாது ஆசானே. அதைவிடக் கஷ்டமான இடம் வேற இல்ல. ரெண்டு நிமிஷத்துல மனசை அறுத்துப் போட்டுருது.”

“செவ்வாய்?”

“செவ்வாய்ல சமாளிச்சிரலாம்.”

“டைட்டன்?”

“டைட்டன்ல இந்தத் தொந்தரவு ஒண்ணும் கிடையாது.”

“கிடையாதுதான்,” என்றார் ஆசான். “அங்க நீங்க சுகமா இருப்பிய.”

அதில் குத்தல் இல்லை. உள்ளதைத்தான் சொன்னார். குத்தலாக இருந்திருந்தால் இசக்கியப்பன் திருப்பி ஏதாவது சொல்லியிருப்பார். அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டார். அன்றைக்கு அவருக்குத் தனியாக இருப்பது பயமாக இருந்தது. எத்தனையோ பாலைவனத்தில் ஒற்றை ஆளாகத் தூங்கியவர். இந்தப் பயம் அவருக்குப் புதுசு.

பிறகு ஆசானிடம் கேட்டார். “பனியில ரெண்டு குளிர்காலம் தனியா எப்படி இருந்திய?”

“தனியா எங்க இருந்தேன்? எங்க அம்மை தினமும் ரேடியோவுல வந்து ஏசுவா. ஏன் போன, எதுக்குப் போன, மீன் கொழம்பு வைக்கத் தெரியாத கழுதைக்குப் பனியில என்ன வேலைன்னு ஏசுவா. நானும் பதிலுக்கு ஏசுவேன். காத்து பலமா அடிச்சா சத்தம் கேக்காது. அப்ப ரெண்டு பேரும் இன்னும் சத்தமா ஏசுவோம்.”

“இப்ப?”

“அம்மை தவறிட்டா.”

“அதுக்கப்புறம் நீங்க எங்கயும் போகலியே. உங்களைக் கூப்பிட்டாங்கன்னு கேள்விப்பட்டேன். செவ்வாய்க்கே கூப்பிட்டாங்களாம்.”

“கூப்பிட்டாங்க. நான் போகல.”

மணல் மெல்லச் சூடு ஆறிக்கொண்டிருந்தது.

மறுநாள் காலையில் எல்லோரும் வெளியே வந்து நின்றார்கள். பெயர் கொடுக்கும்போது ஆசான் ஒவ்வொருவரிடமும் இரண்டு கேள்வி கேட்டார்.

“எங்கேயிருந்து?” என்று வேதநாயகத்திடம் கேட்டார்.

“ஆறுமுகநேரி. எங்க அக்கா வீட்டுல இருந்து.”

“எங்க?”

“செவ்வாய்க்கு.”

அடுத்து நின்றவள் சுகிர்தா. “எங்கேயிருந்து?” என்று கேட்டதுமே அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அழுதுகொண்டே மாமியார், மாமனார், இரண்டு ஆடு, ஒரு புருஷன் என்று எல்லோரையும் சொன்னாள். அதே அழுகையில் “நிலாவுக்கு” என்றாள். நிற்கிறவர்கள் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள்.

கடைசியில் இசக்கியப்பன் முன்னால் ஆசான் வந்து நின்றார்.

“எங்கேயிருந்து, அண்ணாச்சி?”

சங்கரன்கோவில் என்று சொல்ல வாயெடுத்தார். அந்த ஊர்ப் பெயரை அவர் எத்தனையோ இடங்களில் சொல்லியிருக்கிறார். இன்றைக்கு அது வேறு யாருடைய ஊர் மாதிரியோ நாக்கிலேயே நின்றது. எல்லோரும் அவரைப் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். டைட்டனுக்குப் பெயர் கொடுக்கலாமா என்று மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்த இரண்டொருவர் கழுத்தை நீட்டிப் பார்த்தார்கள்.

ஆசான் இரண்டாவது கேள்வியைக் கேட்கவில்லை. காத்துக்கொண்டு நின்றார்.

“நான் பேர் குடுக்கல ஆசானே,” என்றார் இசக்கியப்பன்.

சொன்ன பிறகுதான் அவருக்கு அழுகை வந்தது. முப்பது வருஷத்து ஆசை. கல்யாணத்துக்கு முந்தி இருந்தே டைட்டனின் படங்களைச் சுவரில் ஒட்டி வைத்திருந்தவர். அதன் ஏரிகள் ஒவ்வொன்றும் எவ்வளவு ஆழம் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

“ஊருக்குப் போறேன்,” என்றார். பிறகு, போக மனசில்லாதவர் மாதிரி அங்கேயே நின்றார். “ஆனா நான் போகலைன்னா டைட்டனுக்கு ஒருத்தரும் போக மாட்டாங்க ஆசானே. ஆறும் ஏரியும் மழையுமா, ஆள் இல்லாமத்தான் அது பாட்டுக்குக் கிடக்கும்.”

“கிடக்கட்டும் அண்ணாச்சி,” என்றார் ஆசான். “அதுக்கு ஆள் இல்லாம இருந்து பழக்கம்.”